ஒரு காட்சிக்கு வந்து போனவர்

(திரைப்பட ரசிகர்களின் கூட்டமொன்றில் ஆற்றிய சொற்பொழிவின் எழுத்து வடிவம்)



'டெர்மினேட்டர்' படத்தை இங்கே இருப்பவர்களில் பெரும்பாலோர் பார்த்திருப்பீர்கள். 1984-இல் வந்த முதல் படத்தைச் சொல்கிறேன். எதிர்காலத்திலிருந்து வந்து இறங்கிய அர்னால்டு ஒரு துப்பாக்கிக் கடைக்குப் போவார். அவர் வரிசையாகக் கேட்கக் கேட்க, கடைக்காரர் ஒவ்வொன்றாக எடுத்து மேசைமேல் வைப்பார். நடுவில், உலகத்தில் இன்னும் செய்யப்படாத ஓர் ஆயுதத்தை அர்னால்டு கேட்பார். கடைக்காரர் திடுக்கிட மாட்டார். இங்கே கண்ணுக்குத் தெரிவதுதான் சரக்கு என்று சொல்லிவிட்டு வியாபாரத்தைத் தொடர்வார். கடைக்குள்ளேயே தோட்டாவைப் போடத் தொடங்கும் அர்னால்டைப் பார்த்து, அதெல்லாம் இங்கே கூடாது என்பார். அடுத்த நொடி செத்துப்போவார்.

அந்தக் காட்சி உங்களுக்கு நினைவிருக்கும். அந்தக் கடைக்காரராக நடித்தவரின் பெயர் எத்தனை பேருக்குத் தெரியும்? அவர் பெயர் டிக் மில்லர். 1955 முதல் தன் 90-ஆவது வயதில் இறக்கும் வரை 150-க்கும் மேற்பட்ட படங்களிலும் தொலைக்காட்சித் தொடர்களிலும் நடித்தவர். அவற்றில் பெரும்பாலானவை ஒரு காட்சி, இரண்டு காட்சி, சில சமயம் இரண்டே வசனம். முழுக் கதையையும் தோளில் சுமந்த கதாநாயகன் என்று சொல்லத்தக்க படங்கள் மிகச் சிலவே. அவற்றில் முதன்மையானதும் 50,000 டாலரில், ஐந்தே நாளில் எடுத்த நகைச்சுவைப் படம்.

இப்படிப்பட்ட வாழ்க்கையைப் பற்றிப் பேசும்போது, திறமை இருந்தும் மேலே வரவில்லை, வாய்ப்புக் கிடைக்கவில்லை என்று இரங்கி முடித்துவிடுவது வழக்கம். நான் அதை ஏற்கவில்லை. மலிவுச் செலவில் எடுக்கப்படும் நகைச்சுவைப் படத்தில் சின்ன வேடம் போடுவது தனியான ஒரு தொழில். அதற்கென்று கைத்திறன் உண்டு, ஒழுங்கு உண்டு. அந்தத் தொழிலை அறுபது ஆண்டுகளுக்கு மேல் செய்து, அதில் தேர்ந்தவராக இறந்தவர் டிக் மில்லர். அந்தத் தொழில் அவரிடமிருந்து எடுத்துக்கொண்டதையும் மறைக்காமல் பேச வேண்டும். இந்த இரண்டையும் சொல்லவே இன்று வந்திருக்கிறேன்.

1928 டிசம்பர் 25 அன்று நியூயார்க்கின் பிராங்க்ஸ் பகுதியில் பிறந்தவர். குட்டையான உருவம், சதுரத் தாடை, எப்போதும் எதையோ கேட்டு எரிச்சல்பட்டது போன்ற புருவம். 1950-களின் தொடக்கத்தில் அவர் கலிஃபோர்னியாவுக்குப் போனபோது எழுத்தாளராகும் ஆசையில்தான் போனார். அங்கே அவருடைய நண்பர் ஜோனத்தன் ஹேஸ், ரோஜர் கார்மன் என்ற இளம் தயாரிப்பாளரிடம் அவரைக் கூட்டிக்கொண்டு போனார். என்ன தொழில் என்று கார்மன் கேட்க, எழுத்தாளன் என்றார் மில்லர். எழுத்தாளர் தேவையில்லை, நடிகர்தான் வேண்டும் என்றார் கார்மன். அப்படியானால் நான் நடிகன் என்றார் மில்லர். பிற்காலத்தில் அவரே பலமுறை சொன்ன கதை இது.

முதல் படம் 'அப்பாச்சி வுமன்'. 1955-இல் வந்த கௌபாய் படம். அதில் அவருக்குச் செவ்விந்தியன் வேடம். அது முடிந்ததும், கௌபாயாகவும் நடிக்கிறாயா என்று கேட்டார்களாம். செவ்விந்தியர்களைத் துரத்திச் சுடும் கூட்டத்திலும் அவரே சேர்ந்துகொண்டார். ஒரு ஆளுக்கு இரண்டு வேலை. கார்மனின் படக்குழுவில் அதுதான் வாழ்க்கைமுறை.

கார்மன் இப்படிப் படம் எடுத்ததற்கான பின்னணியைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். 1948-இல் அமெரிக்க உச்ச நீதிமன்றம் பாரமவுண்ட் வழக்கில் தீர்ப்புச் சொன்னது. பெரிய ஸ்டூடியோக்கள் தங்கள் சொந்தத் திரையரங்குகளை விட்டுவிட வேண்டியதாயிற்று. கூடவே தொலைக்காட்சியும் வந்துவிட, ஸ்டூடியோக்கள் சின்னப் படங்கள் எடுப்பதைக் குறைத்துக்கொண்டன. ஆனால் ஊர்ப்புறங்களில் காரிலிருந்தபடியே படம் பார்க்கும் டிரைவ்-இன் திரையரங்குகள் பெருகிக்கொண்டிருந்தன. அவற்றுக்கு வாரந்தோறும் புதுப்படம் வேண்டும். அதுவும் ஒரே டிக்கெட்டில் இரண்டு படம். இந்தச் சந்தைக்காகவே ஜேம்ஸ் நிக்கல்சனும் சாமுவேல் ஆர்காஃபும் தொடங்கியதுதான் அமெரிக்கன் இன்டர்நேஷனல் பிக்சர்ஸ் நிறுவனம். முதலில் தலைப்பு, அடுத்துச் சுவரொட்டி, கடைசியில் திரைக்கதை என்று வேலை செய்தவர்கள். அவர்களுக்கு அதிகமாகப் படம் எடுத்துக் கொடுத்தவர்களில் முக்கியமானவர் கார்மன்.

1957-இல் வந்த 'நாட் ஆஃப் திஸ் எர்த்' படத்தில் மில்லருக்கு ஒரே காட்சி. வீடு வீடாகப் போய்த் தூசி உறிஞ்சும் இயந்திரம் விற்கிற ஆள். அவர் கதவைத் தட்டுகிற வீட்டில் இருப்பவன் வேற்றுக்கிரகவாசி, இரத்தத்துக்காக மனிதர்களைக் கொல்பவன். மில்லருக்கு அது தெரியாது. அவருக்குத் தெரிந்ததெல்லாம் இன்று ஒரு இயந்திரமாவது விற்க வேண்டும் என்பது. நயமாகப் பேசிக்கொண்டே உள்ளே போகிறார், அவ்வளவுதான் அவர் கதை. நான் தொடக்கத்தில் சொன்ன துப்பாக்கிக் கடைக் காட்சியை இதன் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். 27 ஆண்டு இடைவெளி. எதிரே நிற்பது மனிதனே இல்லை என்று அறியாமல் வியாபாரத்திலேயே கண்ணாக இருக்கும் உழைப்பாளி. அதே ஆள், அதே உண்மை.

இங்கேதான் மில்லரின் கலை இருக்கிறது என்று நினைக்கிறேன். பேயும் பிசாசும் வேற்றுக்கிரகமும் வருகிற மலிவுப் படத்தில் பூதத்தின் வேஷம் ரப்பர் என்பது பார்க்கிறவனுக்குத் தெரியும். சுவர் அட்டை என்பதும் தெரியும். அந்தப் பொய்களுக்கு நடுவே ஒரே ஒரு மெய்யான ஆள் வேண்டும். சம்பளத்தைப் பற்றி, வாடகையைப் பற்றி, வாடிக்கையாளரைப் பற்றிக் கவலைப்படுகிற ஆள். அவன் மெய்யாக இருந்தால்தான் பூதம் சிரிப்பாகும், பயமும் ஆகும். மில்லர் வாழ்நாள் முழுக்க நடித்தது அந்த ஆளைத்தான். டாக்சி ஓட்டுநர், மதுக்கடை ஊழியர், போலீஸ்காரர், துப்புரவாளர், குப்பை வண்டிக்காரர், புத்தகக் கடைக்காரர். வேடிக்கை செய்கிறேன் பார் என்று ஒரு முறைகூட அவர் கேமராவுக்குக் கண் காட்டியதில்லை.

இனி அந்த ஐந்து நாள் படத்துக்கு வருவோம். 'எ பக்கெட் ஆஃப் பிளட்', 1959. பீட்னிக்குகள் எனப்பட்ட புதுக்கவிஞர்கள் காபிக் கடைகளில் கவிதை வாசித்துக்கொண்டிருந்த காலம். கார்மனும் அவருடைய எழுத்தாளர் சார்லஸ் கிரிஃபித்தும் ஒரு மாலை சன்செட் ஸ்ட்ரிப் பகுதியின் காபிக் கடைகளைச் சுற்றிக்கொண்டே கதையைப் பேசி முடித்தார்கள். காமெடி எடுக்கக் கார்மனுக்குத் தயக்கம் இருந்தது. கிரிஃபித்துக்கு இருக்கவில்லை. அவர் நாடகமேடைக் குடும்பத்தில் வந்தவர். அவருடைய பாட்டி மர்ட்டில் வெய்ல் 1930-களில் வானொலித் தொடரால் அமெரிக்கா முழுக்கத் தெரிந்தவர். அந்தப் பாட்டியையே படத்தில் வீட்டுக்காரம்மாவாக நடிக்கவும் வைத்தார்கள்.

மில்லரின் பாத்திரம் வால்டர் பைஸ்லி. 'மஞ்சள் கதவு' என்ற காபிக் கடையில் எச்சில் கோப்பை எடுப்பவன். சுற்றிலும் கவிஞர்கள், ஓவியர்கள், அவர்களை வியக்கும் பெண்கள். இவனை யாரும் ஏறெடுத்துப் பார்ப்பதில்லை. பெரிய கவிஞர் ஒருவர் மேடையில் சொன்ன வரிகளை இவன் மனப்பாடமாக வைத்திருக்கிறான். அந்தக் கவிஞருக்கே தன் வரிகள் நினைவில்லை. தனக்குப் பிடித்த பெண்ணின் முகத்தைச் செய்ய ஆசைப்பட்டு இரவில் தன் அறையில் களிமண்ணோடு போராடுகிறான். மண்ணைப் பார்த்து மூக்காகிவிடு, மூக்காகிவிடு என்று கெஞ்சுகிறான். அது மூக்காவதில்லை. அப்போது வீட்டுக்காரம்மாவின் பூனை சுவருக்குள் மாட்டிக்கொண்டு கத்துகிறது. அதைக் காப்பாற்றக் கத்தியால் சுவரைக் குத்துகிறான். பூனை செத்துப்போகிறது. பயத்தில் அதன்மேல் களிமண்ணைப் பூசி, கத்தியோடு சேர்த்துக் கடைக்குக் கொண்டுவருகிறான். 'செத்த பூனை' என்று பெயர் வைக்கிறான். அத்தனை பேரும் அவனை மேதை என்கிறார்கள். அடுத்த சிற்பம் எங்கே என்று கேட்கிறார்கள். அதன் பிறகு அவன் செய்வது என்ன என்பதை நீங்களே ஊகிக்கலாம்.

இந்தக் கதையை வேறு எந்த நடிகரிடம் கொடுத்திருந்தாலும் கோமாளித்தனமாகவோ கொடூரமாகவோ முடிந்திருக்கும். மில்லர் செய்ததைக் கவனித்துப் பாருங்கள். பாராட்டைக் கேட்ட முதல் கணத்தில் அவர் முகத்தில் வருவது கர்வம் இல்லை. தன்னைத்தான் சொல்கிறார்களா என்ற சந்தேகம், பிறகு நன்றி. அந்த நன்றி மெல்ல மெல்லப் பசியாக மாறுகிறது. படத்தின் பிற்பகுதியில் கழுத்துக்குட்டையும் தொப்பியுமாக, தான் எச்சில் எடுத்த அதே கடையில் உட்கார்ந்து விலையுயர்ந்த பண்டங்களை வரவழைக்கிறான் வால்டர். சிரிக்கிறோம். சிரிக்கும்போதே இந்த மனிதனை இதற்கு முன் ஒருவராவது பெயர் சொல்லிக் கூப்பிட்டிருந்தால் இத்தனை கொலை நடந்திருக்காதே என்று தோன்றுகிறது. கலை உலகின் ஏற்றத்தாழ்வைப் பற்றி இவ்வளவு கூர்மையாகப் பேசிய காமெடிப் படங்கள் குறைவு என்பது என் கருத்து.

ஐந்து நாளில் 66 நிமிடப் படம் என்றால் நாளொன்றுக்குச் சராசரி 13 நிமிடம். பெரிய ஸ்டூடியோவில் ஒரு நாள் முழுக்க உழைத்து இரண்டு மூன்று நிமிடம் எடுத்தால் அது நல்ல நாள். இந்த வேறுபாடு நடிகருக்கு என்னவெல்லாம் செய்கிறது என்று யோசியுங்கள். இரண்டாவது டேக் கிடைப்பது அரிது. ஒளியமைப்பை மாற்ற நேரமில்லாததால், ஒரே ஷாட்டில் காட்சி முழுவதும் ஓடும். ஒருவர் தடுமாறினால் மற்றவர் சமாளித்துத் தொடர வேண்டும். நகைச்சுவையில் நேரம்தான் உயிர். வசதியான படத்தில் அந்த நேரத்தைப் படத்தொகுப்பாளர் வெட்டிச் செதுக்கித் தருவார். இங்கே குளோஸப்பே இல்லாதபோது எதை வெட்டுவது? வசனத்துக்கு முன்னால் எத்தனை நொடி நிறுத்துவது, எங்கே திரும்புவது, எப்போது குரலைத் தாழ்த்துவது என்பதை நடிகரே அறிந்திருக்க வேண்டும். மேடை நடிகருக்கு இருக்கும் ஒத்திகையும் இவருக்குக் கிடையாது. மில்லரைப் போன்றவர்களைக் கார்மன் திரும்பத் திரும்ப அழைத்தது நட்புக்காக மட்டும் இல்லை. அவர்கள் இல்லாமல் அந்தக் கணக்கு நேராகாது.

ஆனால் அந்தக் கணக்கு அவர்களிடமிருந்து எடுத்துக்கொண்டதும் உண்டு. கதையின் கடைசியில் வால்டர் தன்னையே ஒரு சிலையாக்கிக்கொண்டு தூக்கில் தொங்க வேண்டும். உடம்பெல்லாம் களிமண் பூசி, உண்மையான சிற்பம்போல் தெரிய வேண்டும். நேரமும் பணமும் தீர்ந்துவிட்டதால் முகத்தில் சாம்பல் நிறத்தை அப்பி எடுத்து முடித்துவிட்டார்கள். படம் முழுவதும் எதை நோக்கிப் போனதோ அந்தக் கடைசிப் பிம்பமே குறைப்பட்டுப்போனது. கதையும் நடிப்பும் நன்றாக அமைந்திருந்தும், செலவழிக்கப் பணமில்லாமல் படம் அடிபட்டது என்று மில்லர் பின்னாளில் வருந்தினார். அந்த வருத்தம் நியாயமானது. மலிவுப் படத்தின் துணிச்சலைக் கொண்டாடுகிற நாம், அந்த மலிவின் விலையைக் கொடுத்தவர்கள் யார் என்பதையும் கேட்க வேண்டும்.

அதே கூட்டணி சில மாதங்களுக்குள் இன்னொரு காமெடிக்குத் தயாரானது. 'தி லிட்டில் ஷாப் ஆஃப் ஹாரர்ஸ்'. வேறொரு படத்துக்குப் போட்ட செட் இடிக்கப்படாமல் நின்றது. அதை வைத்து ஸ்டூடியோ காட்சிகளை இரண்டே நாளில் எடுத்தார்கள். தெருக்காட்சிகளைக் கிரிஃபித்தும் நடிகர் மெல் வெல்ஸும் பிறகு எடுத்துச் சேர்த்தார்கள். இசையமைப்பாளர் ஃப்ரெட் காட்ஸ் முந்தைய படத்துக்குப் போட்ட இசையையே இதற்கும் கொடுத்தார். மனித இரத்தம் குடிக்கும் செடிக்குக் கிரிஃபித் படப்பிடிப்பில் தற்காலிகமாகக் குரல் கொடுத்தார். அது பொருந்திவிட்டதால் அப்படியே விட்டுவிட்டார்கள். கிரிஃபித்தின் பாட்டி இதிலும் உண்டு, கதாநாயகனின் தாயாக.

பூக்கடையில் வேலை செய்யும் அப்பாவி சீமோர்தான் கதாநாயகன். அந்த வேடத்தை முதலில் மில்லருக்கே கொடுத்தார் கார்மன். மில்லர் மறுத்துவிட்டார். இப்போதுதானே வால்டர் பைஸ்லியாக நடித்தேன், இதுவும் அதே ஆள்தானே என்பது அவர் சொன்ன காரணம். அது உண்மைதான். இரண்டும் ஒரே அச்சில் வார்த்த கதைகள். வேடம் ஜோனத்தன் ஹேஸுக்குப் போனது, அவரைக் கார்மனிடம் கூட்டிக்கொண்டு போன அதே நண்பருக்கு.

மில்லர் தனக்கென்று வாங்கிக்கொண்டது பர்சன் ஃபௌச் என்ற வாடிக்கையாளர் வேடம். கடைக்கு வருவார், பூ வாங்குவார், பையிலிருந்து உப்பை எடுத்துத் தூவுவார், பூவைத் தின்பார். பசிக்கிற மனிதன் கடையில் சாப்பிடுவதுபோல அவ்வளவு இயல்பாகத் தின்பார். இந்த ஆளைத் துணுக்கு வேடம் என்று ஒதுக்கிவிட முடியாது. வேடிக்கையான செடி வைத்த கடைக்குக் கூட்டம் வரும் என்று முதலாளியிடம் சொல்வது இவர்தான். அந்தச் சொல்லால்தான் சீமோரின் செடி கடையில் தங்குகிறது. கதை தொடங்குவதே அந்தப் பூத் தின்னியின் யோசனையில். சின்ன வேடத்தின் இலக்கணத்தை இதைவிட நன்றாகக் காட்டும் உதாரணம் எனக்குத் தெரியாது. வருகிறவன் ஒரு வேலை செய்துவிட்டுப் போக வேண்டும், அவன் போன பிறகும் அந்த வேலை நிற்க வேண்டும்.

அந்த மறுப்பு தவறான முடிவா? பலர் அப்படிச் சொல்கிறார்கள். அந்தப் படம் அழியாப் புகழ் பெற்றது, 1982-இல் இசை நாடகமானது, 1986-இல் பெரிய செலவில் மீண்டும் படமானது, சீமோர் என்ற பெயர் உலகெங்கும் போனது என்பது அவர்கள் வாதம். முதல் படத்தில் சீமோராக நடித்த ஹேஸுக்கு என்ன கிடைத்தது என்று பார்த்தால் அந்த வாதம் நிற்காது. பல்மருத்துவரிடம் வலியை ரசித்துச் சிரிக்கும் நோயாளியாக அந்தப் படத்தில் ஒரே காட்சியில் வந்த இளைஞர் ஒருவர் இருந்தார். அவர் ஜாக் நிக்கல்சன். பிற்காலத்தில் அந்தப் படத்தின் வீடியோ உறைகளில் பெரிதாக அச்சானது அவர் பெயரும் முகமும்தான். படத்தைத் தாங்கிய ஹேஸின் பெயரைத் தேடித்தான் படிக்க வேண்டும்.

பண விஷயம் இன்னும் கசப்பானது. அந்த அவசரப் படப்பிடிப்புக்குக் காரணம் ஒரு பந்தயம் என்று கதை உண்டு. படத்தின் கதாநாயகி ஜாக்கி ஜோசஃப் சொன்ன காரணம் வேறு. 1960 ஜனவரி 1 முதல், ஒரு படம் மறுபடி திரையிடப்படும்போது நடிகர்களுக்கும் பங்கு கொடுக்க வேண்டும் என்ற புது விதி வரவிருந்தது. அதற்கு முன்பே எடுத்து முடித்துவிட்டால் ஒரே தொகையைக் கொடுத்து நடிப்பை நிரந்தரமாக வாங்கிவிடலாம். படம் பெரிதாகச் சம்பாதிக்கும் என்று எதிர்பார்க்காத கார்மன் காப்புரிமையைக்கூடப் பதிவு செய்யவில்லை. படம் பொதுவுடைமையாகிப் பல பத்தாண்டுகள் தொலைக்காட்சிகளில் ஓடியது. யார் யாரோ விற்றார்கள். அதில் நடித்தவர்கள் வாங்கியது அந்த ஒரே தொகைதான். கார்மன் பல பெரிய இயக்குநர்களுக்கு முதல் வாய்ப்புக் கொடுத்தவர், அதற்காக அவரை நான் மதிக்கிறேன். 2009-இல் அவருக்குக் கௌரவ ஆஸ்கர் கொடுத்தார்கள், அதுவும் தகும். ஆனால் அந்தச் சிக்கனம் நடிகர்களின் பங்கிலிருந்தும் வந்தது என்பதை அவரைப் பாராட்டுகிற இடத்திலேயே சொல்ல வேண்டும்.

1960-கள் மில்லருக்கு மெலிந்த காலம். வேடங்கள் சுருங்கின. சில படங்களில் பெயர்கூடப் போடவில்லை. தொடங்கிய ஆசையைத் தொடர்ந்து எழுதவும் செய்தார். ஜெர்ரி லூயிஸின் 1970-ஆம் ஆண்டுப் படம் ஒன்றின் கதையில் அவர் பெயர் இருக்கிறது. எழுத்து அவருக்குச் சோறு போடவில்லை. உடன் இருந்தவர் 1959-இல் மணந்த மனைவி லேனி.

இந்த இடத்தில் அவர் வாழ்க்கை திரும்புகிறது, திருப்பியவர்கள் ரசிகர்கள். 1950-களில் அந்த மலிவுப் படங்களைச் சிறுவர்களாகப் பார்த்து வளர்ந்த ஒரு தலைமுறை, 1970-களில் கார்மனின் புது நிறுவனமான நியூ வேர்ல்டில் வேலைக்குச் சேர்ந்தது. ஜோ டான்டே, ஆலன் ஆர்குஷ் இருவரும் அங்கே முன்னோட்டப் படங்களை வெட்டி ஒட்டிக்கொண்டிருந்தார்கள். நிறுவனத்திலேயே மிகக் குறைந்த செலவில் ஒரு படம் எடுத்துக் காட்டுகிறோம் என்று கார்மனிடம் கேட்டு வாங்கினார்கள். பத்து நாள் படப்பிடிப்பு, மீதிக்கு நிறுவனத்தின் பழைய படங்களிலிருந்து எடுத்த துண்டுகள். அதுதான் 1976-இல் வந்த 'ஹாலிவுட் பொலிவார்ட்', மலிவுப் படங்களைப் பற்றிய மலிவுப் படம். அதில் நடிகர்களுக்கு வாய்ப்புத் தேடித் தரும் ஏஜென்ட் வேடம் மில்லருக்கு. பாத்திரத்தின் பெயர் வால்டர் பைஸ்லி. ஒரு காட்சியில் அந்த ஏஜென்ட் டிரைவ்-இன் ஒன்றில் உட்கார்ந்து பழைய படம் பார்க்கிறார். திரையில் ஓடுவது 1963-இல் கார்மன் எடுத்த 'தி டெரர்'. அதில் வேலைக்காரராக நடித்த மில்லரையே, 13 ஆண்டு கழித்து மில்லர் பார்க்கிறார்.

அதிலிருந்து டான்டே தன் படங்களில் அவரை விடவில்லை. எந்தத் திரைக்கதை கைக்கு வந்தாலும் டிக்குக்கு ஏற்ற வேடம் இதில் எது என்று தேடுவேன் என்று டான்டே சொல்லியிருக்கிறார். நண்பர் என்பதற்காக மட்டும் இல்லை, அவர் நடிப்பதைப் பார்க்க எனக்குப் பிடிக்கும் என்றும் சேர்த்துச் சொன்னார். 1978-இல் வந்த 'பிரானா'வில் ஏரிக்கரை விடுதியின் முதலாளி. மீன்கள் விருந்தினரைத் தின்கின்றன என்று உதவியாளர் பணிவாக வந்து அறிவிக்கும்போது மில்லரின் முகத்தைப் பாருங்கள். பயத்தைவிட வியாபாரம் போச்சே என்ற எரிச்சல்தான் முந்திக்கொண்டு வருகிறது. 1981-இல் 'தி ஹவ்லிங்'. ஓநாய் மனிதர்களைப் பற்றிய படம், மில்லர் மாந்திரீகப் புத்தகக் கடைக்காரர். வெள்ளித் தோட்டாவை எடுத்து மேசைமேல் வைப்பார். இதிலெல்லாம் தனக்கு நம்பிக்கை இல்லை, தொழில் நடக்க வேண்டும் என்பது அவர் நிலை. அந்தக் கடைக்காரரின் பெயரும் வால்டர் பைஸ்லிதான்.

இப்படி அந்தப் பெயர் ஒரு மரபாகிவிட்டது. 1986-இல் 'சாப்பிங் மால்' படத்தில் இயந்திர மனிதனிடம் மாட்டிக்கொண்டு சாகும் துப்புரவாளர், வால்டர் பைஸ்லி. இயக்குநர்கள் மாறினார்கள், தொழில் மாறியது, பெயர் மாறவில்லை. ஐந்து நாளில் எடுத்த படத்தில் தூக்கில் தொங்கிய அந்த எளியவனைச் சாக விடாமல், அந்தப் படத்தை நேசித்தவர்கள் அவனுக்கு மறுபடி மறுபடி ஒரு வேலை போட்டுக் கொடுத்தார்கள். ஒரு நடிகருக்கு ரசிகர்கள் செய்த மரியாதைகளில் இதைவிட அழகானதை நான் கேள்விப்பட்டதில்லை.

1984-இல் 'கிரெம்லின்ஸ்'. ஸ்டீவன் ஸ்பில்பெர்க் பின்னணியில் இருந்த, பெரிய செலவில் எடுத்த, உலகமெங்கும் ஓடிய படம். பக்கத்து வீட்டு ஃபட்டர்மேனாக மில்லர். அயல்நாட்டுச் சாமான் எதையும் நம்பாத, இரண்டாம் உலகப்போர் நினைவுகளோடு பனி தள்ளும் வண்டி ஓட்டுகிற மனிதர். இயந்திரத்துக்குள் குட்டிப் பிசாசுகள் இருக்கின்றன என்று அவர் குடித்துவிட்டு உளறுவார். யாரும் கேட்பதில்லை, ஆனால் அவர் சொல்வதுதான் நடக்கிறது. மக்கள் அவரை விரும்பியதால் 1990-இல் வந்த இரண்டாம் பாகத்திலும் கூட்டிவந்தார்கள். அங்கே பறந்து தாக்கும் பிசாசின்மேல் ஈரச் சிமென்டைக் கொட்டுகிறார் ஃபட்டர்மேன். அது பறந்துபோய் ஒரு கட்டடத்தின் விளிம்பில் உட்கார்ந்து சிலையாக இறுகிவிடுகிறது. 1959-இல் பூனைமேல் களிமண் பூசிய கைகளைப் பார்த்தவர்களுக்கு அந்தக் காட்சி தரும் மகிழ்ச்சி இரட்டிப்பு. அன்று அதற்குப் பணமில்லை, இன்று இருந்தது.

பெரிய படங்களிலும் எல்லாம் நன்றாகவே நடந்தது என்று சொல்ல மாட்டேன். குவென்டின் டாரன்டினோவின் 'பல்ப் ஃபிக்ஷன்' படத்தில் அவர் நடித்த பகுதி முழுவதும் வெட்டப்பட்டது. வெளியான படத்தில் அவர் இல்லை. சின்ன வேடக்காரரின் வாழ்க்கையில் இது அன்றாட ஆபத்து. ஒரு காட்சிதான் இருக்கிறது, அது போனால் எல்லாமே போனது.

2014-இல் அவரைப் பற்றி 'தட் கை டிக் மில்லர்' என்ற ஆவணப்படம் வந்தது. முகம் தெரியும், பெயர் தெரியாது என்ற நிலையைத் தலைப்பிலேயே வைத்து, உடனே பெயரையும் சொல்லிவிடுகிற படம். 2018-இல் வாழ்க்கை வரலாறும் புத்தகமாக வந்தது. அவற்றைக் காண அவர் உயிரோடு இருந்தார். பெரும்பாலான துணை நடிகர்களுக்கு இறந்த பிறகும் கிடைக்காத ஒன்று அது. 2019 ஜனவரி 30 அன்று லாஸ் ஏஞ்சலிஸில் இறந்தார். இறந்த பிறகு வெளியான அவருடைய கடைசிப் படம் 'ஹனுக்கா'. அதில் அவர் யூத மதகுரு. அந்த மதகுருவின் பெயரும் வால்டர் பைஸ்லி. 1959-க்கும் 2019-க்கும் இடையே அறுபது ஆண்டு.

ஆகவே, இவர் ஏன் நட்சத்திரம் ஆகவில்லை என்ற கேள்வியை நாம் விட்டுவிடலாம். கொடுத்த ஒரு காட்சிக்குள் ஒரு முழு மனிதனைக் கொண்டுவந்தாரா என்பதே சரியான கேள்வி. அவர் கொண்டுவந்தார், ஏறக்குறைய ஒவ்வொரு முறையும்.

உங்களிடம் ஒரு வேண்டுகோள். 'எ பக்கெட் ஆஃப் பிளட்' 66 நிமிடம். 'தி லிட்டில் ஷாப் ஆஃப் ஹாரர்ஸ்' அதைவிடக் கொஞ்சம்தான் நீளம். இரண்டாவது படத்துக்குக் காப்புரிமைத் தடை இல்லாததால் யாரும் அதைத் தாராளமாகத் திரையிடலாம். அடுத்த கூட்டத்துக்கு முன்னால் முதல் படத்தைப் பார்த்துவிட்டு வாருங்கள். அந்தக் கூட்டத்தில் இரண்டாவதை எல்லோரும் சேர்ந்து பார்ப்போம். மில்லரோடு ஜோனத்தன் ஹேஸ், மெல் வெல்ஸ், ஜாக்கி ஜோசஃப், மர்ட்டில் வெய்ல் ஆகியோரின் பெயர்களையும் குறித்துக்கொண்டு வாருங்கள். அவர்கள் ஒவ்வொருவரைப் பற்றியும் பேச வேண்டியது இன்னும் நிறைய இருக்கிறது.